இரண்டாவது சாட்சி

அந்த ஒரு நிமிடத்தில் யாரும் பேசக்கூடாது என்பதுதான் ஏற்பாடு. பேட்டி முடிந்ததும் அறையின் வெறும் சத்தத்தை ஒரு நிமிடம் தனியாகப் பதிவு செய்துகொள்வார்கள். படத்தை வெட்டி ஒட்டும்போது இடைவெளிகளை நிரப்ப அது வேண்டும். "ஒரு நிமிஷம் வாய மூடிட்டு இருப்பீங்களா சார்? வாத்தியாருக்குக் கஷ்டந்தான்" என்று ப்ரீதா சிரித்தது கேசட்டில் இருந்தது. அதன்பின் மின்விசிறியின் உராய்வு, தெருவில் ஒரு சைக்கிள் மணி, பேட்டைப் பட்டறை எதிலோ இரும்பில் இரும்பு விழும் ஓசை, அத்தனைக்கும் அடியில் மூச்சு.

அன்று அந்த அறையில் நான்கு பேர். படம் எடுக்கும் ப்ரீதா, கேமராக்காரர், சாட்சி சொன்ன வேதமுத்து, வரலாற்றுப் பேராசிரியர் ஆவுடைநாயகம். கேசட்டில் கேட்டது பெரியவர்களின் மூச்சு அல்ல. சின்ன, வேகமான மூச்சுகள். ஓடி வந்த பிள்ளைகளைச் சத்தம் போடாதே என்று அடக்கி வைத்தால் வருமே, அது.

ஆவுடைநாயகம் கேசட்டைப் பின்னால் ஓட்டினார். மறுபடி கேட்டார். எண்ணினார்.

ஏழு.

மணி மூன்றுதான் ஆகியிருந்தது. ஐப்பசி மழை காலையிலிருந்து விடவில்லை. ஆற்றில் வெள்ளம் என்று பால்காரர் சொல்லிவிட்டுப் போயிருந்தார். மனைவி சஷ்டிக்குத் திருச்செந்தூர் போயிருந்தாள். பாளையங்கோட்டை வீட்டின் மாடி அறையில், ஈரச் சுவரின் வாடையும் பழைய காகிதத்தின் வாடையும் கலந்த சாம்பல் வெளிச்சத்தில், அவர் முன்னால் பட்டியல் கிடந்தது.

ஆறு வருடத்துக்கு முன், கடலுக்கு அந்தப் பக்கம், ஓர் ஊர்ச் சனத்தை நெல் மூட்டை அடுக்கும் கிட்டங்கியில் அடைத்துக் கொளுத்தினார்கள். அதைப் பற்றிய படத்துக்கு, இறந்தவர்களின் பெயர்களைச் சரிபார்த்துக் கையெழுத்திடுவது ஆவுடைநாயகத்தின் வேலை. இரண்டு வருடம் அகதிகள் முகாம் முகாமாக அலைந்தார். அவர் வைத்திருந்த விதி ஒன்றுதான். தனித்தனியே விசாரித்த இரண்டு பேர் பார்த்ததாகச் சொன்னால் பெயர் நிற்கும். ஒரு பெயரைப் பொய் என்று காட்டிவிட்டால் மொத்தமும் பொய் என்று சொல்ல ஆட்கள் காத்திருக்கிறார்கள்.

ஐம்பத்து நான்கு நின்றன. ஏழு பெயர்களை அவரே சிவப்பு மையால் அடித்தார். எல்லாம் சிறுபிள்ளைகள். அந்த ஊருக்கு அவர்கள் வந்து மூன்று நாள்தான். அவர்களை அறிந்த பெரியவர்களும் உள்ளேயே இருந்தார்கள். வேதமுத்து மட்டும் வெளியே, கிணற்றடியில். அந்தப் பிள்ளைகளைப் பார்த்தவர் அவர் ஒருவர்தான். ஏழில் ஒன்று அவருடைய மகள், ஞானப்பூ, வயது நான்கு.

தாத்தா காலத்தில் இங்கிருந்து தேயிலைத் தோட்டத்துக்குப் போன குடும்பம். இப்போது திரும்பி வந்து பேட்டையில் லேத் ஓட்டுகிறார். மகளின் பெயரை அடித்ததை அவரிடம் சொல்லத்தான் வேண்டியிருந்தது. அவர் கோபப்படவில்லை.

"எம்பிள்ளய நான் பாத்தேன் சார். இன்னொருத்தன் பாத்திருக்கணும்னா அவனும் உள்ளதான இருந்திருக்கணும். அவன எங்கன போய்க் கூட்டிட்டு வர?"

ஆவுடைநாயகம் கீழே இறங்கி, ப்ரீதா தங்கியிருந்த லாட்ஜுக்குப் போன் செய்தார். அவளிடமிருந்த மூலப் பதிவைப் போட்டுக் கேட்டுவிட்டு, விசிறிச் சத்தம் மட்டும்தான் இருக்கிறது என்றாள். தூங்கினீர்களா என்று கேட்டாள். ஆறு மணிக்கு வந்து பட்டியலை வாங்கிக்கொண்டு ரயிலேறுவதாகச் சொன்னாள். பிறகு, "அந்த ஏழும் உங்க ஒரு கையெழுத்துலதான் சார் இருக்கு" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டாள்.

மாடிக்குத் திரும்பினார். கேசட் தானாக முடியட்டும் என்று உட்கார்ந்தார்.

மின்சாரம் போயிற்று. விசிறி மெல்ல நின்றது. கேசட் நின்றது.

மூச்சு நிற்கவில்லை.

பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில். மேஜைக்கு அடியில், முழங்காலுக்குப் பக்கத்தில். முதுகுக்குப் பின்னால். அவர் திரும்பவில்லை. பேனாவை எடுத்தார். அடித்த பெயரின் மேல் மீண்டும் எழுதினார். ஞானப்பூ, 4. முதல் சாட்சி, வேதமுத்து. இரண்டாவது கட்டத்துக்கு வந்ததும் கை நின்றது. முப்பது வருடப் பழக்கம். பொய்யை எழுத அந்தக் கைக்குத் தெரியவில்லை.

"நான் பாக்கலையே அம்மா" என்றார் வாய்விட்டு. "பாத்திருந்தா எழுதியிருப்பேன்."

மூச்சுகள் நின்றன. ஏழும், ஒரே நேரத்தில்.

மழைச் சத்தமும் நின்றது. மழை நிற்கவில்லை, கண்ணாடியில் நீர் ஓடிக்கொண்டுதான் இருந்தது.

வறுபடும் நெல்லின் வாசனை. முதலில் இலேசாக. பிறகு தொண்டையை அடைக்கும்படி.

எழுந்தார். கதவு திறக்கவில்லை. தாழ்ப்பாள் உள்பக்கம்தான் இருந்தது. அதை நீக்கியும் திறக்கவில்லை. வெளியிலிருந்து எதையோ முட்டுக் கொடுத்திருந்தார்கள். பலகை சுட்டது. கையை எடுத்தார்.

வேண்டாம் என்று சொல்ல வாயைத் திறந்தார். புகை உள்ளே போயிற்று.

அவருடைய இடுப்பு உயரத்தில் யாரோ வேட்டியைப் பிடித்து இழுத்தார்கள். பைய. கடையில் அப்பாவைக் கூப்பிடும் பிள்ளை மாதிரி. கால் தானாக மடிந்தது. உட்கார்ந்தார். ஒரு சின்னக் கை அவர் தாடையைப் பிடித்து முகத்தைத் திருப்பியது.

கண்ணை மூடப் பார்த்தார். முடியவில்லை.

நான்கு வயதுப் பெண். பச்சைப் பாவாடை. எதிரே நின்றாள், ஒரு முழத் தூரத்தில். அவள் முடியின் நுனி சிவந்தது. சுருண்டது. நெருப்பு காதுவரை ஏறியது. அவள் கத்தவில்லை. அவர் கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தாள், சரியாகப் பார்க்கிறாரா என்று.

அவளுக்குப் பின்னால் ஆறு பேர், உயரவாரியாக, தங்கள் முறைக்கு நின்றார்கள்.