பெயர் சொன்னால் திரும்புகிறவர்கள்

பழைய படச்சுருள் டப்பாவைத் திறந்தால் காடி நெடிதான் மூக்கைத் துளைக்கும். இதிலிருந்தோ, மழையில் நனைந்து மிதிபட்ட புல்லின் வாசம் வந்தது. எத்னாவுக்கு அது கொஞ்சமும் பிடிக்கவில்லை.

ஊர் கிளப் வென்ற ஹர்லிங் மட்டைப்பந்து இறுதி ஆட்டம் அது. சுருங்கி வளைந்த அந்தச் சுருள் இயந்திரத்தில் ஒரே முறைதான் ஓடும். நடுவில் நிறுத்தினால் அதோடு போயிற்று. ஆடியவர்களில் மிச்சமிருப்பவர் அவளுடைய அப்பா ஃபின்டன் ஒருவர்தான். அவர் இருக்கும்போதே முகங்களுக்குப் பெயர் கேட்டுக் குறித்துவிட வேண்டும் என்று, தான் வேலை பார்க்கும் படக் காப்பகத்துக்கே அழைத்து வந்து, கையைப் பிடித்தபடி பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள்.

ஒலியில்லாத படம். வெளியே மழை ஜன்னலைத் தட்டிக்கொண்டிருந்தது.

"அது லாலர். முட்டிக்குக் கீழ எது தெரிஞ்சாலும் பந்துன்னு நெனச்சு வெளுப்பான்."

எத்னா சிரித்தாள். திரையில் லாலர் ஓட்டத்தை நிறுத்தி அவர்கள் பக்கம் திரும்பினான்.

தற்செயல் என்று நினைத்தாள்.

"இவன் டோனஹ் ஹோகன். என் சைக்கிள எடுத்துட்டுப் போனவன், இன்னும் வந்துட்டே இருக்கான்."

ஹோகனும் திரும்பினான். அப்புறம் டுவான். அப்புறம் கீலி சகோதரர்கள். பந்து தன்பாட்டுக்கு உருண்டு போக, மட்டையை ஊன்றிக்கொண்டு அவர்கள் அசையாமல் பார்த்தார்கள். ஒவ்வொரு பெயருக்கும் அப்பாவின் விரல்கள் இன்னும் சில்லிட்டன.

"போதும்ப்பா. வீட்டுக்குப் போலாம்."

"இன்னும் ஒருத்தன் இருக்கான்மா."

கோல் கம்பங்களுக்கு நடுவே, முதுகு காட்டி ஒரு பையன். அந்தத் தோள் சரிவை அவள் பிறந்ததிலிருந்து பார்த்திருக்கிறாள்.

அப்பா வாயைத் திறந்தார். எத்னா பாய்ந்து பொத்தினாள். மறு கையால் இயந்திரத்தை நிறுத்தினாள். சுருள் அறுந்து தரையில் விழுந்தது.

படம் நிற்கவில்லை.

ஆட்டக்காரர்கள் நகர்ந்தார்கள். கோலிலிருந்து திரை வரைக்கும், மட்டைகளோடு எதிரெதிராக இரண்டு வரிசை. ஊரில் கிளப்காரர் யாராவது இறந்தால் சவப்பெட்டிக்கு இப்படித்தான் வழிவிட்டு நிற்பார்கள்.

"சொல்லாதப்பா. சொல்லவே சொல்லாத."

அவர் சொல்லவில்லை. அவர்கள் சொன்னார்கள். சத்தமில்லாமல், எல்லா வாயும் ஒரே சமயத்தில். மேல் பற்கள் கீழுதட்டைத் தொட்டன. ஃபின்டன்.

பையன் திரும்பினான்.

வரிசைகளுக்கு நடுவே வந்தான். நிதானமாக. முகம் திரையை நிறைத்தது. அவன் வாயின் மேல், விரல்கள் விரிந்து, ஒரு பெண்ணின் கை அழுந்தியிருந்தது.

எத்னா தன் கையை எடுக்கப் பார்த்தாள். வரவில்லை.

உள்ளங்கைக்கு அடியில் உதடுகள் மெல்லச் சிரித்தன. மூச்சு படவில்லை.