பேரம் பேசாத பெரியவர்

இசுமியின் விலை ஏழு வெள்ளி. விலை சொன்னது அவளைப் பெற்ற நெவ்ரா. சிரித்துக்கொண்டுதான் சொன்னாள்.

ஓர்மா நகரின் சந்தை நாள் மதியம் அப்படிப்பட்டது. அந்த ஒரு நாழிகை மட்டும் அங்கே இரண்டு முறை நடக்கும். மணிக்கூண்டில் மணி அடித்ததும் தெரு மொத்தமும் "ஒண்ணு" என்று வாய்விட்டுச் சொல்லும், அது வெள்ளோட்டம். மறுபடி மணி அடிக்கும்போது விற்ற சரக்கு கடைக்கே திரும்பியிருக்கும், கொடுத்த காசு கொடுத்தவன் மடியில் இருக்கும், நினைப்பு மட்டுமே மிஞ்சும். தெரு "ரெண்டு" என்று சொல்லும். அதன்பின் நடப்பதுதான் நிஜம். எண்ணிக்கை தவறியவன் கடையைக் கோட்டைவிடுவான் என்பதால், பிள்ளைகளுக்கு அங்கே முதலில் சொல்லித்தருவதே எண்ணத்தான்.

வெள்ளோட்டத்தில் எதையும் விற்பார்கள். எதிர்க்கடை மிளகு வியாபாரி கர்தூன் போன சந்தையில் தன் மாமியாரை ஒரு முள்ளங்கிக்கு விற்றான். வாங்கியவன் அரை நாழிகையில் மாமியாரைக் கொண்டுவந்து விட்டுவிட்டு, முள்ளங்கியைக்கூடத் திருப்பிக் கேட்கவில்லை. ஆறு வயது இசுமியையே கர்தூன் இரண்டு முறை வாங்கி, தேன் வறுவல் தின்னக் கொடுத்திருக்கிறான்.

ஆகவே சாம்பல் அங்கி போட்ட பெரியவர் ஒருவர் நெவ்ராவின் சாயக்கடை முன் நின்று, நீலத்தூளை விரலில் தொட்டுப் பார்த்துவிட்டு, "பாப்பா என்ன விலை?" என்று கேட்டதில் அவளுக்கு ஒன்றும் விபரீதமாகத் தோன்றவில்லை.

"ஏழு வெள்ளிங்க. பல்லு ஒண்ணு விழுந்திருக்கு, அதுக்குக் கழிச்சுத்தான் சொல்றேன்."

"ஆறுக்கு முடிங்கய்யா, மூக்கு வேற ஒழுகுது!" எதிரிலிருந்து கத்தினான் கர்தூன்.

பெரியவர் ஏழு வெள்ளிக்காசை எடுத்து வைத்தார்.

நெவ்ராவின் சிரிப்பு பாதியில் நின்றது. ஓர்மாவில் பாடை தூக்க வருகிறவனிடமும் பேரம் பேசுவார்கள். சொன்ன விலையை அப்படியே கொடுத்த ஆளை முப்பத்திரண்டு வயதுவரை அவள் கண்டதில்லை.

"என்னை வித்துட்டியாம்மா?" இசுமி குதித்தாள். "தாத்தா, வறுவல் வாங்கித் தருவீங்களா?"

பெரியவர் ஒரு விரலை மட்டும் நீட்டினார். குழந்தை அதைப் பிடித்துக்கொண்டது. தடுக்க நெவ்ராவுக்கு வாய்வரை வந்தது. ஆனால் வெள்ளோட்டத்தில் விற்றதைத் தராமல் முரண்டு பிடித்தால் தெருவே சிரிக்கும். விட்டாள்.

மஞ்சள் பாவாடையும் சாம்பல் அங்கியும் மிளகு மூட்டைகளையும், தோல் கடையின் ஊறல் நாற்றத்தையும், கூவிக்கூவி விற்பவர்களின் இரைச்சலையும் தாண்டி மெல்ல மெல்லப் போவதைப் பார்த்துக்கொண்டே நின்றவளுக்கு, அவர்கள் கடந்துபோகிற இடத்திலெல்லாம் சத்தம் கொஞ்ச நேரம் அடங்கி, அவர்கள் போன பிறகே திரும்ப எழுவது காதில் பட்டது. கடையைப் போட்டது போட்டபடி ஓடினாள். அவர்கள் நடந்தார்கள், அவள் ஓடினாள், இடைவெளி குறையவில்லை.

"இசுமி!"

குழந்தை திரும்பிப் பார்த்துக் கையசைத்தது. முனை திரும்பினார்கள்.

முனைக்கு அப்பால் ஒரு சுவர். வெறும் சுவர்.

மூச்சிரைக்கத் திரும்பி வந்தவளைப் பார்த்துக் கர்தூன் சிரித்தான். "என்னக்கா நீ! மணி அடிச்சா தன்னால வந்து நிக்கப் போறா. ஏழு வெள்ளி போகுதேன்னு அழுவுறியா?"

"அந்த ஆளை இதுக்கு முன்ன பாத்திருக்கியா?"

"இல்லையே. வெளியூரா இருக்கும்."

வெளியூர்க்காரனுக்கு வெள்ளோட்டம் தெரியுமா? அவள் கேட்கவில்லை. உட்கார்ந்தாள். எழுந்தாள். நிழல் நகர்ந்தது போலிருந்தது. நகரவில்லை. ஈ ஒன்று நீலத்தில் விழுந்து துடித்தது. மணிக்கூண்டையே பார்த்தாள். அடி. அடித்துவிடு.

மணி அடித்தது.

"ரெண்டு" என்றது தெரு.

நீலத்தூளில் ஈ இல்லை. பலகையில் காசு இல்லை. முக்காலியில் இசுமி. அதே மஞ்சள் பாவாடை. அதே விழுந்த பல்.

நெவ்ரா அவளை வாரி எடுத்து, கழுத்தில் முகம் புதைத்து அழுதாள். குழந்தை அணைக்கவில்லை. கைகள் தொங்கின.

"பாத்தியா, நான் சொல்லல?" என்றான் கர்தூன்.

"எண்ணலியே கண்ணு. ரெண்டு சொல்லு," என்றாள் நெவ்ரா.

இசுமி அவள் முகத்தை வெகுநேரம் பார்த்தாள். எங்கோ பார்த்த முகத்தை ஞாபகப்படுத்திக்கொள்கிறவளைப்போல. பிறகு வாய் திறந்தாள்.

"முப்பத்தோராயிரத்து நானூத்தி ஆறு."

கர்தூன் சிரித்தான். சட்டென்று நிறுத்தினான்.

"அங்க மணி அடிச்சுக்கிட்டே இருக்கும்," என்றாள் குழந்தை. அவசரமில்லாத குரல். "ஒவ்வொரு தடவையும் எண்ணணும். தூங்கக் கூடாது. நீங்க... எங்க அம்மாதானே?"

நெவ்ரா அவளை மெல்ல முக்காலியில் இறக்கிவிட்டாள்.

"நீங்க சொன்ன விலைக்கு ஐம்பதாயிரம் தடவை எண்ணணுமாம். அவரு குறைக்கவே மாட்டேங்கிறாரு."

முக்காலியின் வலப்பக்கத்தில் யாரும் இல்லை. இசுமியின் வலதுகை மட்டும் மெல்ல உயர்ந்தது. காற்றில் எதையோ, ஒரு விரல் தடிமனுள்ள எதையோ, பிடித்துக்கொண்டு மூடியது.

"மீதி பதினெட்டாயிரத்து ஐந்நூத்தித் தொண்ணூத்தி நாலு."