தெளியாத கறை

பழைய பிரதியில் அது வெறும் கறை. கதாநாயகி படிக்கட்டில் அமர்ந்து அழும்போது, அவளுக்குப் பின்னாலிருக்கும் இருண்ட வாசலில் ஈரம் ஊறியதுபோல் ஒரு திட்டு. அந்தப் படத்தை எத்தனையோ முறை பார்த்த ஓய்வுபெற்ற கண்டக்டர் அதைப் பொருட்படுத்தியதே இல்லை. மகள் வாங்கிவந்த புதுப் பிரதியில் அந்தத் திட்டுக்குத் தோள்கள் இருந்தன.

"எவ்வளவு துல்லியம் பாருங்கப்பா. சட்டைத் தையலைக்கூட எண்ணிடலாம் போல."

வெளியே மழை. திரைச்சீலைகளை இழுத்துவிட்டதில் பிற்பகலிலேயே கூடம் இருண்டு கிடந்தது. பக்கவாதத்தில் வலப்பக்கமும் பேச்சும் போனபின் அவருக்கு மிஞ்சியது இந்த உயரமான சாய்வு நாற்காலியும் படங்களும்தான். தைல வாடையும் காயாத துணியின் வாடையும் கலந்து மூக்கில் ஏற, டிவி வெளிச்சம் முழங்காலில் நடுங்க, அவர் அந்த வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்த உருவம் முதுகைக் காட்டி நின்றது. அடுத்த காட்சியில் வேறு வீடு, நல்ல வெயில். அங்கும் நின்றது. இன்னும் கிட்டத்தில்.

"ம்ம்... ம்..."

"பிடிச்சிருக்கா? எனக்குத் தெரியுமே." மகள் அவர் வாயோரத்தைத் துடைத்துவிட்டாள். "இருங்க, அடுப்பைப் பார்த்துட்டு வந்துடறேன்."

படத்தை நிறுத்திவிட்டுப் போனாள். கதாநாயகியின் கண்ணீர் பாதிக் கன்னத்தில் நின்றது. படத்து ஜன்னலுக்கு வெளியே பறந்த புறா அந்தரத்தில் நின்றது.

அந்த உருவம் மட்டும் நிற்கவில்லை.

திரும்பியது. முகம் இருக்கவேண்டிய இடத்தில் இன்னமும் கறைதான். மெல்ல நடந்து படத்தின் ஓரத்துக்கு வந்தது. ஓரத்தைத் தாண்டியது.

இடக்கையால் நாற்காலியைத் தட்டினார். பஞ்சு வைத்த கைப்பிடி, சத்தமே எழவில்லை. முதுகுக்குப் பின்னால் ஈரக் காலடி. கழுத்து திரும்பவில்லை. காலடி அவரைக் கடந்தது. படுக்கையறைக்குள் போயிற்று.

"அம்மாடி, இங்க வாயேன்."

அவருடைய குரல். இனி வராது என்று மருத்துவர் கைவிரித்த குரல்.

சமையலறையில் பாத்திரம் விழுந்து உருண்டது. "அப்பா? பேசுறீங்களா? நீங்களேவா எழுந்து உள்ள போனீங்க?"

அழுகையும் சிரிப்புமாக ஓடிவந்தாள். நாற்காலியின் முதுகு அவரை முழுதாக மறைத்திருந்தது. வாயைத் திறந்தார். காற்று வந்தது. வெறும் காற்று.

"கதவைச் சாத்திட்டு வா, கண்ணு," என்றது அவர் குரல், உள்ளேயிருந்து, அத்தனை கனிவாக.

சாத்தினாள்.