எதிர்க் கோரைப் புதர்

1934, தை மாதம். வெயில் ஏறும் நேரத்தில் பாகூர் ஏரிக்கரையில் வந்து இறங்கினான் சூசைநாதன். பிரான்சில் கேமராத் தொழில் கற்றுத் திரும்பியவன். நத்தைகுத்தி நாரைகளைச் சலனப்படம் எடுத்துவர ஒரு கம்பெனி அனுப்பியிருந்தது.

கோரை அறுக்கும் தையலம்மாள் அவனைத் தெப்பத்தில் ஏற்றி, ஏரிக்குள் கட்டியிருந்த தழை மறைப்பில் விட்டுப் போனாள். ஒருவர் மட்டுமே உட்காரக்கூடிய மறைப்பு. உள்ளே அழுகிய பாசி நாற்றம். கேமராவின் கைப்பிடியைச் சுழற்றிக்கொண்டே இருந்தவன், கை ஓய்ந்து நிறுத்தினான்.

சுழலும் ஓசை நிற்கவில்லை.

எதிர்க் கோரைப் புதரிலிருந்து வந்தது.

வேறு கம்பெனிக்காரன் எவனோ முந்தப் பார்க்கிறான் என்று நினைத்தான். சாயங்காலம் தையலம்மாளிடம் கேட்டான்.

“வேற யாரயாவது இட்டாந்து வுட்டியா?”

“இல்லீங்க முசே.”

பிரெஞ்சுத் துரைகளை அழைப்பதுபோலவே அவனையும் அழைத்தவள், முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவனுக்குச் சந்தேகம் வலுத்தது.

மறுநாளும் அதே ஓசை. நாரைகள் அத்தனையும் அந்தப் புதரையே பார்த்து நின்றன. சூசைநாதன் கூவி அவளை அழைத்து, அங்கே தெப்பத்தைத் தள்ளச் சொன்னான்.

சேற்றில் கேமரா முக்காலி ஊன்றிய மூன்று குழிகள். இன்னும் தண்ணீர்கூட ஊறவில்லை.

சுற்றிலும் ஒரு காலடி இல்லை.

“உனக்குத் தெரியும். யாரு?”

“போன வருசம் ஒரு வெள்ளக்காரன் படம் புடிக்க வந்தான். எம் வூட்டுக்காரருதான் தெப்பம் தள்ளுனாரு. தெப்பம் மட்டுந்தான் திரும்பிச்சி.”

“ஏன் மறைச்ச?”

“சொன்னா பூடுவீங்க. உங்க படத்துலயாவது அவரு தெரிவாரான்னு…”

அவன் நம்பவில்லை. இவளும் கூட்டுக்களவாணிதான் என்று முடிவுகட்டி, புதுச்சேரிக்குத் திரும்பி, சுருளைக் கழுவிப் பிரதி எடுத்தான்.

நாரைகள் அழகாக விழுந்திருந்தன. சுருளின் கடைசிச் சில அடிகளில் நாரைகள் இல்லை.

அவனுடைய மறைப்பு இருந்தது. எதிர்ப் புதரிலிருந்து எடுத்த படம். திறப்பில் அவன் முகம்.

அவன் முதுகை ஒட்டி, தெப்பக் கழியோடு ஒருவன்.

அந்தத் துண்டை மட்டும் வெட்டி எடுத்துக்கொண்டு பாகூர் போனான். தையலம்மாள் அதை வெயிலில் பிடித்து வெகுநேரம் பார்த்தாள்.

“அவருதான்.”

கண்ணில் ஒற்றி, முந்தானையில் முடிந்துகொண்டாள். அவளைச் சந்தேகப்பட்டதற்கு மன்னிப்புக் கேட்பதுபோல் சூசைநாதன் கும்பிட்டுவிட்டு, வெறும் கையோடு மாட்டுவண்டியில் ஏறி முன்பக்கமாக உட்கார்ந்தான்.

கிருமாம்பாக்கம் தாண்டியதும் வண்டிக்காரர் திரும்பாமலே சொன்னார்:

“பின்பாரமா இருக்குது முசே. கூட வந்தவர இப்பிடி முன்னால வரச் சொல்லுங்க.”

வண்டியில் ஏறியது சூசைநாதன் ஒருவன்தான். அவன் உட்கார்ந்திருந்த வைக்கோல் பின்பக்கத்திலிருந்து மெல்ல நனைந்துகொண்டு வந்தது.