அறுபத்தொன்றில் நிற்கும் டிஸ்க்

டிஸ்கை நகலெடுப்பது மூன்றாவது முறையும் அறுபத்தொரு சதவீதத்தில் நின்றுவிட்டது. கெட்டுப்போன டிஸ்க் 'டக் டக்'கென்று அடித்துக்கொள்ளும். இது அடிக்கவில்லை. ஈரமாக எதையோ மென்றுவிட்டு ஓய்ந்தது. ஏனென்று, கூடத்தின் கம்ப்யூட்டரைப் பார்த்துக்கொள்ளும் ரேவதிக்குப் புரியவில்லை.

பிள்ளையார்பாளையத்துத் தறிக்கூடத்தில் புடவையின் பூ வேலையைத் தறிக்கு இழை இழையாகச் சொல்வது இந்த ஒன்பது வருடப் பழைய கம்ப்யூட்டர்தான். அதன் டிசைன் சாஃப்ட்வேரை இனி எங்கும் வாங்க முடியாது. அதனால்தான் டிஸ்கையே முழுசாக நகலெடுக்கும் இமேஜ். ஃபைல்களை மட்டும் எடுத்தால் வேண்டியது மட்டுமே வரும். இமேஜ் என்றால் காலியிடம், அழித்தது, அழுகியது எல்லாம் ஒன்றுவிடாமல் அப்படியே புது டிஸ்குக்கு வரும். போன மாதமே எடுத்திருக்க வேண்டும். தள்ளிப்போட்டது ரேவதிதான்.

"இன்னாமா, நகருதா?" தறியிலிருந்து பழனி கேட்டார். "பொடவையில முந்தி மட்டுந்தாம்மா பாக்கி. வெள்ளிக்கெழம எம் பொண்ணு வடிவு இன்னாத்த கட்டிக்கினு மணையில குந்துவா?"

"அறுபத்தொண்ணுலயே நிக்குதுண்ணா."

"ஒரு தட்டு தட்டிப் பாரேன். எங்கூட்டு ரேடியோ தட்னாதான் பாடும்."

அவள் தட்டவில்லை. கேபினட்டைத் திறந்தாள். பட்டுக்கூட்டுக்குள் வெந்த புழுவின் நாற்றம் முகத்தில் வந்து அப்பியது. மதிய மழையின் புழுக்கத்தில் அது நாக்கிலேயே படிந்தது. டிஸ்கை முழுக்க அடைத்துச் செய்வதில்லை. உள்ளேயும் வெளியேயும் காற்றழுத்தம் சமமாக இருக்க ஊசிமுனை அளவில் ஓர் ஓட்டை விட்டிருப்பார்கள். அதை மூடாதே என்று பக்கத்திலேயே அச்சடித்திருக்கும். அந்த ஓட்டையில் மஞ்சளாகக் கோழை கசிந்துகொண்டிருந்தது.

துணி இல்லை. உள்ளங்கையால் துடைத்தாள்.

அறுபத்திரண்டு.

கையை எடுத்தாள். நின்றது. மீண்டும் வைத்தாள். ஓட்டை உள்ளங்கையை மெல்ல உறிஞ்சியது. சுருக்கென்று ஒரு வலி. பிறகு குளிர்ச்சி.

அறுபத்துமூன்று.

மணிக்கட்டில் தோலுக்கடியில் ஏதோ மடிந்து நிமிர்ந்தது. வெளுப்பாக. கொழுத்து. அதன் பின்னால் இன்னொன்று.

"இப்ப?" என்றார் பழனி.

"நகருதுண்ணா."

அறுபத்தெட்டு. முழங்கை வரை ஏழு.

ஓட்டையை உள்ளங்கையால் அழுத்தி மூட வேண்டும். ஒரு சதவீதத்துக்கு ஒரு புழு. நூறு வரும்வரை கையை எடுக்கக் கூடாது.