குதிரையின் பின்கால்கள்

"இந்த நாடகத்துல உங்க அப்பாவுக்கு என்ன வேஷம்?" என்று நாடகம் பார்க்கப் போகும் பேருந்தில் வகுப்புத் தோழி ஓனெர்வா கேட்டாள்.

"இளவரசன்" என்றாள் சைமி.

வாய் தவறி வந்துவிட்டது. முன் இருக்கைப் பிள்ளைகள்கூடத் திரும்பிப் பார்த்தார்கள். இனி மாற்றிச் சொல்ல முடியாது.

சைமியின் அப்பா அர்மாஸ் ஒரு காலத்தில் இசைக்குழுவில் பாடியவர். அவருடைய பாட்டு ஒன்று ஒரு கோடை முழுக்க வானொலியில் ஒலித்தது. இப்போது குளிர்காலத்தில் சுவீடன் போகும் கப்பல்களில் பாடுகிறார். கோடையில் மிக்கேலி ஊரின் ஏரிக்கரையில் நாடகம் நடிக்கிறார். இந்த வருடம் அவருக்குக் கிடைத்தது, இரண்டு பேர் உள்ளே புகுந்து ஆடும் குதிரை வேஷத்தின் பின்பாதி.

மழை தூறியது. வகுப்பே மழைக்கோட்டோடு பலகைகளில் உட்கார்ந்திருந்தது. மேடைக்குக் குதிரை வந்தது. முன்பாதி இடப்பக்கம் போனால் பின்பாதி வலப்பக்கம் போனது. திடீரென்று அதன் வயிற்றுக்குள்ளிருந்து அக்கார்டியன் வாத்தியம் கேட்டது. எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். சைமி மட்டும் தன் காலணியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

நாடகம் முடிந்ததும் நடிகர்கள் பிள்ளைகளிடம் வந்தார்கள். அப்பா இடுப்புக்குக் கீழே குதிரையாக, வியர்வை வழிய, சிரித்துக்கொண்டே வந்தார். சைமி ஒரு மரத்துக்குப் பின்னால் ஒதுங்கினாள்.

அதற்குள் ஓனெர்வா இளவரசனிடம் போய்விட்டாள். "நீங்கதானே சைமியோட அப்பா?"

"நானா?" என்று அவர் விழித்தார்.

அப்பா நின்றார். மரத்தடியில் இருந்த சைமியைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது.

"அவரேதான்" என்றார் ஓனெர்வாவிடம். "நான் வெறும் குதிரை."

வாலைச் சுருட்டிக் கையில் பிடித்துக்கொண்டு திரும்பி நடந்தார்.

அவர் திட்டியிருந்தால்கூடத் தேவலை. சைமி சொன்ன பொய்யை அவரல்லவா சுமந்துகொண்டு போகிறார்.

அவள் ஓடிப்போய் வாலைப் பிடித்து இழுத்தாள்.

"இவர்தான் எங்க அப்பா" என்றாள் எல்லோரிடமும். "நான் பொய் சொல்லிட்டேன்."

"ஏன் அப்படிச் சொன்ன?" என்றாள் ஓனெர்வா.

"பின்கால்னு சொல்ல வெட்கமா இருந்துச்சு."

யாரோ கிளுக்கென்று சிரித்தார்கள். அப்பா குனிந்து அவள் காதருகே, "மொத நாள் எனக்கும் அப்படித்தான் இருந்துச்சு கண்ணு. நல்லவேளை, உள்ள இருந்தா மூஞ்சி தெரியாது" என்றார்.

சைமியின் முகம் எல்லோருக்கும் தெரிந்தது. காதுவரை சிவந்திருந்தது. ஆனாலும் பேருந்து புறப்படும்வரை அவள் அப்பாவின் கையை விடவில்லை.