பற்றளவி சொன்ன பெயர்

ஏவுகை நாள் என்றால் எங்கள் வீட்டில் எனக்குத்தான் ஓட்டம் அதிகம். விடிந்ததும் பேக்கரியைத் திறந்து, மக்ரூன் தட்டுகளை அடுப்பில் தள்ளிவிட்டு வீட்டுக்கு ஓடி வர வேண்டும். குளித்து, பருத்திச் சட்டை போட்டுக்கொள்ள வேண்டும்; வேறு துணி தீப்பிடிக்குமாம். பிளாஸ்க்கில் சுக்குக் காப்பியும் டப்பாவில் மக்ரூனும் எடுத்துக்கொண்டு என் மனைவி சுகிர்தாவோடு வண்டியில் ஏறினால் நேரே ஏவுமேடைதான். பிணையறையில் உட்காருவோம். ராக்கெட் போகும். காது ஒரு பாடு பட்டதும் வீட்டுக்கு வந்து சோறு தின்போம். ஒன்பது தடவை இப்படிப் போய்விட்டு வந்திருக்கிறேன்.

பத்தாவது தடவை போகப்போவது நானா, எங்கள் மகள் பெனிட்டாவா என்பதுதான் அன்றைக்குக் கேள்வி. அவளுக்குப் போன மாதம் பதினெட்டு முடிந்துவிட்டது.

தேரிமுனை ஏவுமேடையைத் தூரத்திலிருந்து பார்த்தால் செம்மணலுக்கு நடுவே நிற்கும் ஒரு காரைத் திண்டு, அவ்வளவுதான். நாலு மூலையிலும் இடிதாங்கிக் கோபுரங்கள், ஒரு தண்ணீர்த் தொட்டி, நெருப்பைக் கடல் பக்கம் தள்ளிவிடும் தீக்கால்வாய். கட்டிய புதிதில் இங்கிருந்து போனவை சின்னச் சின்ன ராக்கெட்டுகள். அப்புறம் பெரியவை வந்தன. புயலுக்கு முன்னால் கடல் சூட்டைப் பார்த்துச் சொல்கிற மேகக்கண் செயற்கைக்கோள்கள் எல்லாம் இங்கிருந்து போனவைதான். அவை இல்லையென்றால் எங்கள் கரையில் ஒருவரும் வள்ளம் இறக்க மாட்டார்கள்.

அந்தக் காலத்தில் "போகலாம்" என்று சொல்கிறவர்கள் எங்கோ ஒரு ஊரில், குளுகுளு அறையில் உட்கார்ந்திருந்தார்கள். தேதி தவறக் கூடாது என்ற அவசரத்தில் திரையில் மினுக்கிய எச்சரிக்கையைக் கண்டும் காணாததுமாய் விட்டார்கள். ராக்கெட் மேடையிலேயே வெடித்தது. பக்கத்து இறால் பண்ணையில் வேலைக்கு வந்திருந்தவர்களில் ஒருவர்கூட மிச்சமில்லை. விசாரணையில் நீதிபதி ஒன்றே ஒன்று கேட்டாராம்: "உங்க வீட்டாள் ஒருத்தர் அங்க நின்னிருந்தா, சரின்னு சொல்லியிருப்பீங்களா?" அந்தக் கேள்வியைத்தான் பிறகு சட்டமாக்கிவிட்டார்கள்.

சட்டம் இதுதான். ஏவுகைக்கு ஒப்புதல் சொல்கிறவர் மேடைக்குப் பக்கத்திலேயே பிணையறையில் இருக்க வேண்டும். கூடவே தன் வீட்டார் ஒருவரையும் வைத்துக்கொள்ள வேண்டும். ராக்கெட் ஒழுங்காகப் போனால் அந்தச் சுவர் தாங்கும். வெடித்தால் தாங்காது. தாங்கக் கூடாது என்றே அளந்து கட்டியிருக்கிறார்கள், புண்ணியவான்கள். அதன்பிறகு இன்றுவரை இங்கே ஒரு ராக்கெட்டும் வெடித்ததில்லை.

முதலில் வீட்டார் யாராயிருந்தாலும் சரி என்றுதான் இருந்தது. நம் ஆட்களுக்குச் சொல்லியா கொடுக்க வேண்டும்! ஒருத்தர் பனந்தோப்புக்காக வழக்காடிக்கொண்டிருந்த சித்தப்பாவைக் கூட்டி வந்து உட்கார வைத்தார். எண்ணிக்கை இறங்க இறங்கக் கூட்டி வந்தவர் முகத்தில் தெரிந்த நிம்மதியைப் பார்த்துத்தான் சட்டத்தைத் திருத்தினார்களாம். அப்படி வந்ததுதான் பற்றளவி. ஒப்புதல் சொல்கிறவர் தலையில் ஒரு பட்டையைக் கட்டிவிட்டு, வீட்டாரை ஒவ்வொருவராக எதிரே நிறுத்துவார்கள். யார் மேல் உயிராக இருக்கிறார் என்பதை அது நூற்றுக்கு இத்தனை என்று எண்ணில் சொல்லிவிடும். அதிக எண் வாங்கியவர்தான் பிணையாள். பதினெட்டு முடியாத பிள்ளைகளுக்கு மட்டும் விலக்கு.

இந்த விலக்கிலிருந்து எங்கள் குடியிருப்பில் ஒரு பழக்கம் முளைத்தது. எந்தச் சட்டத்திலும் அது கிடையாது. பிள்ளைக்குப் பதினைந்து வந்ததும் ஹாஸ்டலில் தள்ளிவிடுவார்கள். போன் கிடையாது, பிறந்தநாள் கிடையாது, லீவுக்கு வந்தாலும் முகம் கொடுத்துப் பேச்சு கிடையாது. பேசாமல் கொள்ளாமல் இருந்தால் பற்று வற்றிவிடும், எண் இறங்கிவிடும் என்று ஒரு நம்பிக்கை. வேலையை விட மனசில்லாதவர்கள் எல்லாரும் இதைச் செய்தார்கள். மற்றவர்கள் பிள்ளைக்குப் பதினெட்டு வருமுன் ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார்கள்.

எங்கள் மேடையில் ஒப்புதல் சொல்கிறவள் சுகிர்தா. அவள் வேலையை விடவில்லை. "கைப்பழக்கம் உள்ளவங்க எல்லாம் போயிட்டா, மேடைய யாருங்க பாத்துக்கிடுவா?" என்பாள். பெனிட்டாவைப் பாளையங்கோட்டை ஹாஸ்டலில் விட்டாள். நான் கத்தினேன், சட்டியைத் தூக்கி எறிந்தேன், இரண்டு நாள் கடையிலேயே படுத்துக் கிடந்தேன். அசையவில்லை. "அவ என்னய வெறுத்தாலும் சரி, அந்த அறைக்குள்ள வரக் கூடாது" என்று முடித்துவிட்டாள். மூன்று வருஷம். பெனிட்டா என்னிடம் மட்டும் பேசுவாள். அம்மா எப்படி இருக்கா என்று கேட்பதைக்கூட நிறுத்திவிட்டாள்.

அளவிடும் அறைக்குப் பெனிட்டா பஸ் பிடித்து நேரே வந்தாள், முதுகில் பையோடு.

"சாப்டியாட்டி?" என்றேன்.

"ஆச்சுப்பா. சீக்கிரம் முடியுமா? எம்பேரு எப்படியும் வரப்போறதில்ல. நாளைக்கு லேப் இருக்கு, மூணு மணி பஸ்ஸுக்குப் போகணும்."

சுகிர்தா தலைப்பட்டையோடு நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். மகளை நிமிர்ந்து பார்க்கவில்லை. கருவிக்குப் பக்கத்தில் நின்றது மிக்கேல், அவளுக்கு அடுத்த பொறுப்பில் இருப்பவன். நல்ல மனுஷன், என் மக்ரூனுக்கு அடிமை.

முதலில் சுகிர்தாவின் தம்பி நின்றான். அறுபத்தொன்று. "இவ்வளவுதானாக்கா!" என்று சிரித்துக்கொண்டே போனான். அடுத்து நான். எண்பத்தாறு, போன தடவையைவிட இரண்டு கூட. அந்த நேரத்திலும் எனக்குள் ஒரு சின்னக் கர்வம் எட்டிப் பார்த்தது, என்னத்தைச் சொல்ல.

பெனிட்டா போய் நின்றாள். சுகிர்தா கண்ணை இறுக்கி மூடிக்கொண்டாள்.

"அக்கா, கண்ணத் தொறக்கணும்" என்றான் மிக்கேல்.

திறந்தாள். எண் விறுவிறுவென்று ஏறியது. தொண்ணூற்றொன்பதில் போய் நின்றது. அதற்கு மேல் காட்ட அந்தக் கருவிக்கு வழியில்லை. மிக்கேல் அணைத்துவிட்டு மறுபடி போட்டான். மறுபடியும் அதே எண்.

"மிஷின் ரிப்பேரா அங்கிள்?" என்று கேட்டாள் பெனிட்டா.

"இல்ல பிள்ள. நல்லாத்தான் இருக்கு."

அவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். பை முதுகிலேயே இருந்தது. "பின்ன ஏம்மா பேசல? பொறந்தநாளுக்கு ஒரு போன் போட முடியலையா ஒனக்கு?"

"போட்டா நம்பர் கூடிரும்னு பயந்தேன்டி."

பெனிட்டாவின் தோள் குலுங்கியது. அழுகையா சிரிப்பா என்று பிரித்துச் சொல்ல என்னால் ஆகவில்லை. மூன்று வருஷமாகத் தன்னை வேண்டாத பிள்ளை என்று நினைத்திருந்தவளுக்கு அந்த எண் எவ்வளவு பெரிய சந்தோஷம்! அதே எண்தான் அவளைப் பிணையறைக்கும் அனுப்பப்போகிறது.

சுகிர்தா பட்டையைக் கழற்றி மேசையில் வைத்தாள். "மிக்கேல், நான் விலகிக்கிடுதேன். நீ பாத்துக்கோ."

"விலகலாம்க்கா. எனக்கு அளவு எடுத்து நான் ஒப்புதல் சொல்ல ரெண்டு நாளாகும். அதனால ஒண்ணும்..."

"ஒருத்தரும் விலக வேண்டாம்" என்று பெனிட்டா எழுந்தாள். "நான் உக்காருவேன். அங்க ரெண்டு மணி நேரம் கதவப் பூட்டிப் போடுவாங்கல்லா? நீ எழுந்திரிச்சு ஓட முடியாதுல்லா? அங்க வச்சு எங்கிட்ட பேசு."

"ஏட்டி, வெளையாட்டா இது?" என்று நான் பாய்ந்தேன்.

"நீங்க ஒம்போது தடவ போனீங்களேப்பா. என்ன ஆச்சு? குண்டாகித்தான் வந்தீங்க."

பதினெட்டு முடிந்த பிள்ளை. சட்டப்படி அவளைத் தடுக்க என்னால் முடியாது. சுகிர்தா பட்டையை ஓரமாகத் தள்ளிவிட்டு, "வா" என்றாள்.

முதல்முறையாக நான் வெளியே நின்றேன். மேடையிலிருந்து வெகுதூரத்தில், வேடிக்கை பார்க்கிற கொட்டகையில், சுண்டல் விற்கிறவர்களுக்கு நடுவே. உள்ளே உட்கார்ந்திருந்தபோது ஒன்றும் தெரியவில்லை. வெளியே நிற்பது இருக்கிறதே, அதுதான் நரகம். இரண்டு மணி நேரமும் அவர்கள் என்ன பேசினார்கள் என்று எனக்குத் தெரியாது. இன்றைக்கு வரைக்கும் இரண்டு பேரும் சொல்லவில்லை.

ஒலிபெருக்கியில் ஒவ்வொரு பிரிவாகக் கேட்டு வந்தார்கள். எரிபொருள், தயார். வழிகாட்டி, தயார். காற்று, தயார். கடல் எல்லை, தயார். எல்லாம் முடிந்து கடைசியில் பிணையறையைக் கேட்டார்கள். மற்ற நாட்களில் கேட்டவர் வாய் மூடுமுன் சுகிர்தா "போகலாம்" என்பாள். நான் பக்கத்தில் மக்ரூன் மென்றுகொண்டிருப்பேன்.

இப்போது சத்தமே இல்லை. மறுபடி கேட்டார்கள்.

"நிறுத்தம்" என்றது சுகிர்தாவின் குரல்.

நிறுத்தம் சொன்னால் காரணம் கேட்கக் கூடாது என்பது விதி. ஆனாலும் மேடைக்காரர்கள் மூலை முடுக்கெல்லாம் சோதித்தார்கள். ஒரு திருகாணிகூடத் தளர்ந்திருக்கவில்லை.

இரண்டு பேரும் வெளியே வந்தபோது கண்கள் வீங்கியிருந்தன. பெனிட்டா அம்மாவின் கையை விடவேயில்லை. எனக்கு உயிர் வந்தது. உயிர் வந்ததும் வாயும் வந்துவிட்டது.

"ஏன் நிறுத்தின? எங்கயாவது கோளாறா?"

"ஒரு கொறையும் இல்லங்க. எல்லாம் கச்சிதமா இருந்துச்சு. வாய்தான் வரல."

"ஓஹோ! என்னயப் பக்கத்துல வச்சுக்கிட்டு மட்டும் ஒம்போது தடவ சுளுவா வந்துச்சோ?"

சுகிர்தா மூக்கை உறிஞ்சினாள். "நீங்க பக்கத்துல இருந்தா எனக்குப் பயமே வராதுங்க." அது பாராட்டா திட்டா என்று இன்னும் யோசித்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

அன்றைக்கே அவள் அடையாள அட்டையைத் திருப்பிக் கொடுத்துவிட்டாள். இருபது வருஷ வேலை. பெனிட்டா மூன்று மணி பஸ்ஸை விட்டுவிட்டாள். வீட்டுக்கு வந்து அம்மாவின் மடியில் தலை வைத்துத் தூங்கிப்போனாள்.

சாயங்காலம் மிக்கேல் வந்தான், பொறுப்பைக் கேட்டு வாங்கிக்கொள்ள. நாளை மறுநாள் அவன்தான் ஒப்புதல் சொல்ல வேண்டும். பேச வேண்டியதெல்லாம் பேசி முடித்த பிறகும் வாசலிலேயே நின்றான்.

"என்ன தம்பி, மக்ரூன் வேணுமா?" என்றேன்.

"இல்ல அண்ணாச்சி." சுகிர்தாவைப் பார்த்தான். "அக்கா, கிளாட்வினுக்குப் பதினாறு ஆவுது. ஹாஸ்டல்ல விட்டு ஒரு வருஷமா ஒரு வார்த்த பேசல. கொஞ்சங்கூடக் கொறையாதாக்கா?"

"நீதான நம்பரப் பாத்த?"

அவன் தலையைக் குனிந்துகொண்டான். "அப்போ வேலைய..."

"வேலைய விடுறதும் விடாததும் ஒன் இஷ்டம். அதுக்கு இன்னும் ரெண்டு வருஷம் கெடக்கு. இப்போ போனப் போடு."

"இப்பவா?"

"பெறகு? நல்ல நேரம் பாக்கப்போறியா?"

மிக்கேல் நின்ற இடத்திலேயே எண்ணைப் போட்டான். மணி அடித்த உடனே எடுத்துவிட்டார்கள். புதுசாக உடைந்த குரல், எங்களுக்கே நன்றாகக் கேட்டது.

"அப்பா? என்னப்பா ஆச்சு? அம்மா நல்லாருக்காளா? யாருப்பா செத்துட்டா?"

மிக்கேல் போனைக் காதில் வைத்தபடி எங்கள் வாசற்படியில் உட்கார்ந்துவிட்டான். "யாரும் சாகலடா" என்று சொல்ல அவனுக்கு வெகுநேரம் ஆயிற்று. அதுவரை அந்தப் பையன் "அப்பா, அப்பா" என்று கத்திக்கொண்டே இருந்தான்.